"பதினான்கும் நீதான்": கேமராவின் முன் நிகழ்த்தும்போது எதிரில் இருப்பவர் எங்கே போகிறார்?

கண்ணாடிக்காரி (இழையைத் தொடங்கியவர்)

இரண்டு ஆண்டுகளாக ஒரே வேலையில் உட்கார்ந்திருக்கிறேன். முன்பின் தெரியாத ஒருவரிடம், அவர் யாரிடமும் சொல்லாமல் விட்ட பேச்சு ஒன்றை ஒலிப்பதிவாக வாங்கிக்கொள்வேன். மூன்று நிமிடம், நான்கு நிமிடம் இருக்கும். அதைப் பல நாள் கேட்டுக் கேட்டு மனப்பாடமாக்கிய பிறகு, கேமராவின் முன் அமர்ந்து அந்தக் குரலுக்கு வாயசைப்பேன். ஒப்பனை இல்லை, உடை மாற்றமும் இல்லை. முகம் என்னுடையது, குரல் அவருடையது. இதுவரை 14 பேர் ஆகிவிட்டது.

வாயசைப்பது எளிது என்று நினைத்துத்தான் தொடங்கினேன். உதடு எப்படியோ பொருந்திவிடுகிறது. மூச்சுதான் பொருந்துவதில்லை. பேசுகிறவர் சொல்லுக்கு முன்னால் மூச்சை இழுக்கிறார். அந்த இழுப்பை நானும் அதே நேரத்தில் இழுக்காவிட்டால் முகம் பொம்மையாகிவிடும். ஒருவருடைய மூச்சைக் கற்றுக்கொள்ள எனக்கு ஒரு வாரம் ஆகிறது.

சென்ற வாரம் 14 படங்களையும் வரிசையாக ஒரு தோழிக்குப் போட்டுக் காட்டினேன். கடைசிவரை அசையாமல் பார்த்தாள். விளக்கைப் போட்டதும் ஒரே வரி சொன்னாள்: "பதினான்கையும் பார்த்தேன். பதினான்கும் நீதான்."

அன்றிலிருந்து வேலை ஓடவில்லை. அடையாளம், மனித உறவு என்று நாம் பெரிய பெயர் வைத்துச் செய்வதெல்லாம் கடைசியில் நம் முகத்தை நாமே பார்த்துக்கொள்வதில்தான் முடிகிறதா? நிகழ்த்துகலையில் பழகியவர்கள் பட்டதைச் சொல்லுங்கள். ஆறுதல் வேண்டாம்.

பழைய நாடா

உங்கள் தோழி வைத்திருப்பது ஐம்பது ஆண்டுப் பழைய குற்றச்சாட்டு, அதனால் தனியாகக் கலங்க வேண்டாம். 1976இல் ரோசலிண்ட் கிராஸ் என்ற விமர்சகர் வீடியோ கலையைப் பற்றி ஒரு கட்டுரை எழுதினார். இந்தக் கலையின் உண்மையான ஊடகம் நாடாவோ திரையோ கிடையாது, தன்மோகம்தான் என்பது அவர் வாதம்.

காரணம் கருவியிலேயே இருந்தது. படச்சுருள் என்றால் கழுவி எடுத்துப் பார்க்கக் காத்திருக்க வேண்டும். 1960களின் கடைசியில் சோனியின் போர்ட்டாபேக் என்ற தூக்கிச் செல்லும் வீடியோ கேமரா வந்த பிறகு, கலைஞர் தன் அசைவை அந்த நொடியிலேயே பக்கத்துத் திரையில் பார்க்க முடிந்தது. கேமரா ஒரு பக்கம், திரை மறுபக்கம், நடுவில் உடல். கண்ணாடி முன் நிற்பதற்கும் அதற்கும் அதிக வித்தியாசம் இல்லை. கிராஸ் எடுத்துக்கொண்ட உதாரணம் விட்டோ அக்கோஞ்சி என்ற அமெரிக்கக் கலைஞர் 1971இல் செய்த 'சென்டர்ஸ்'. திரையில் தெரியும் தன் உருவத்தின் நடுப்புள்ளியை நோக்கி இருபது நிமிடத்துக்கும் மேலாக விரலை நீட்டிக்கொண்டே இருப்பார். அவ்வளவுதான் படைப்பு.

ஆனால் அதைப் பார்க்கிற நமக்கு என்ன தெரிகிறது? ஒரு மனிதர் நம்மை நோக்கி விரல் நீட்டுகிறார்! அவர் தன்னைச் சுட்டுவது நம்மைச் சுட்டுவதாக வந்து விழுகிறது. நேரம் போகப் போக அந்தக் கை களைத்துத் தடுமாறுவதைப் பார்க்கும்போது தன்மோகம் என்ற சொல்லை அவ்வளவு தைரியமாக என்னால் பயன்படுத்த முடியவில்லை. கிராஸ் பாதி உண்மையைத்தான் சொன்னார் என்பது என் கருத்து. அந்தப் பாதி மிகவும் கசப்பான பாதி.

நீலவிளக்கு

தத்துவம் இருக்கட்டும். படம் பிடிக்கும்போது உங்கள் கண் எங்கே பார்க்கிறது?

கண்ணாடிக்காரி

லென்சுக்குக் கீழே ஒரு சின்னத் திரை வைத்திருக்கிறேன். வாயசைவு சரியாக விழுகிறதா என்று பார்த்துக்கொள்வதற்காக, என் முகமே அதில் நேரலையாகத் தெரியும்.

நீலவிளக்கு

விஷயம் அங்கேதான் இருக்கிறது. 14 படத்திலும் நீங்கள் உங்களைத்தான் பார்த்துக்கொண்டிருக்கிறீர்கள். தோழியின் கண்ணுக்கு அது தெரிந்துவிட்டது. தன் முகம் திரையின் ஓரத்தில் தெரிந்தால் யாராக இருந்தாலும் கண் அங்கேதான் ஓடும். காணொளி அழைப்பில் பேசிப் பழகிய எல்லோருக்கும் இது தெரியும். முதலில் அந்தத் திரையை அணையுங்கள்.

எதிரில் ஒரு மனிதரை வைத்துக்கொண்டு, அவர் கண்ணைப் பார்த்தபடியே லென்சையும் பார்க்க வேண்டும் என்றால் பாதி ஊடுருவும் கண்ணாடியைப் பயன்படுத்தலாம். செய்தி வாசிப்பவர்களுக்கு வைக்கும் அதே ஏற்பாடுதான். கண்ணாடியை 45 டிகிரியில் சாய்த்து வைத்து, அதன் கீழே திரையைப் படுக்க வைக்க வேண்டும். திரையில் ஓடும் அவர் முகம் கண்ணாடியில் பட்டு உங்கள் கண்ணுக்கு வரும். கேமரா கண்ணாடியின் பின்னாலிருந்து உங்களை எடுக்கும். கேமராவைச் சுற்றிக் கறுப்புத் துணி போர்த்தாவிட்டால் வேண்டாத வெளிச்சம் கண்ணாடியில் பட்டுப் படம் கலங்கும். கண்ணாடி வெளிச்சத்தில் ஒரு பங்கைத் தின்றுவிடும் என்பதால் விளக்கைக் கூட்டிக்கொள்ளுங்கள். திரையில் உள்ள படத்தை இடவலமாகப் புரட்டவும் மறக்காதீர்கள், மறந்தால் எதிரில் இருப்பவர் கண்ணாடியில் தெரிவது போலத் தெரிவார். நான் மறந்திருக்கிறேன். ஒரு நாள் முழுக்க எடுத்ததை வீசிவிட்டேன்.

ஓரத்தில் ஒருவன்

மன்னிக்கவும், ஒரு வெளியாளின் கேள்வி. நாற்காலியில் உட்கார்ந்து ஒருவரை ஒருவர் முறைத்துப் பார்ப்பதைக் கலை என்று சொல்வதே எனக்கு விளங்கவில்லை. அந்தக் கலைஞர், மரீனா அப்ரமோவிச் என்ற பெண்மணி, அருங்காட்சியகத்தில் உட்கார்ந்திருந்தாரே, பழைய காதலர் எதிரில் வந்து அமர்ந்ததும் இருவரும் அழுதார்களே, அந்தத் துண்டுப் படத்தை எல்லோரும் பார்த்திருப்போம். நானும் நெகிழ்ந்தேன். ஆனால் பின்னணி இசையை எடுத்துவிட்டுப் பார்த்தால் என்ன மிச்சம்?

மூன்றாம்மணி

பின்னணி இசையை எடுத்துவிட்டால் மிச்சமிருப்பதுதான் படைப்பு. அந்த இசை யாரோ பிறகு ஒட்டியது.

நியூயார்க் நவீன கலை அருங்காட்சியகத்தில் 2010 மார்ச் 14 முதல் மே 31 வரை நடந்தது அது. அருங்காட்சியகம் திறந்திருந்த நேரமெல்லாம் அவர் பேசாமல் அமர்ந்திருந்தார். மொத்தம் 700 மணி நேரத்துக்கு மேல். எதிர் நாற்காலியில் யார் வேண்டுமானாலும், எவ்வளவு நேரம் வேண்டுமானாலும் உட்காரலாம். தொடக்கத்தில் இருவருக்கும் நடுவே ஒரு மேசை இருந்தது, பிறகு அதையும் எடுத்துவிட்டார்கள். அந்தப் பழைய காதலர் உலாய் வந்தது தொடக்க இரவில். இணையத்தில் சுற்றும் கதைப்படி இருபத்திரண்டு ஆண்டு கழித்து முதல் சந்திப்பு அது. அப்படி இல்லை, இடையில் அவர்கள் சந்தித்திருக்கிறார்கள்.

அந்தக் கண்ணீருக்கு அடுத்த அத்தியாயத்தை யாரும் பகிர்வதில்லை. 2015இல் உலாய் அவர்மீது வழக்குப் போட்டார். இருவரும் சேர்ந்து செய்த படைப்புகளின் வருமானமும் பெயரும் தனக்கு ஒழுங்காகக் கிடைக்கவில்லை என்பது புகார். 2016இல் நெதர்லாந்து நீதிமன்றம் உலாய் பக்கம் தீர்ப்பளித்து, 2,50,000 யூரோ கொடுக்கச் சொன்னது. 1980 வரையிலான கூட்டுப் படைப்புகளில் உலாய் பெயர் முன்னால், 1981 முதல் 1988 வரை உள்ளவற்றில் அப்ரமோவிச் பெயர் முன்னால் என்று எழுதும் வரிசையும் தீர்ப்பில் சேர்ந்தது. 1977இல் இந்த இருவரும் முதுகோடு முதுகு ஒட்டி, தலைமுடியை ஒன்றாகப் பின்னிக்கொண்டு 17 மணி நேரம் உட்கார்ந்தவர்கள். முடியை அவிழ்ப்பது எளிதாக இருந்திருக்கிறது, கணக்கை அவிழ்க்க நீதிபதி வேண்டியிருந்தது.

எனவே கண்ணாடிக்காரி, உங்கள் கேள்வியை நான் இப்படிக் கேட்பேன். குரல் தந்த 14 பேர் இந்தப் படைப்பில் யார்? கூட்டாளியா, கச்சாப் பொருளா?

மட்டுறுத்துநர்

ஒரு சிறு குறுக்கீடு. 'நிகழ்த்துகலை' என்று எழுதினால் நடனமா நாடகமா என்று கேட்டுத் தனி மடல்கள் வருகின்றன. இந்த இழையில், கலைஞர் தன் உடலையும் நேரத்தையுமே பொருளாக வைத்துச் செய்யும் படைப்பை மட்டும் அந்தச் சொல் குறிக்கட்டும். மேலே தொடருங்கள்.

மூன்றாம்மணி

நன்றி. ஓரத்தில் ஒருவன் கேட்ட "என்ன மிச்சம்" என்ற கேள்விக்கு எனக்குத் தெரிந்த மிகச் சிறந்த பதில் ஒரு கயிறு.

1983 ஜூலை 4 அன்று நியூயார்க்கில் டெச்சிங் ஹ்சியே, லிண்டா மொன்டானோ என்ற இரு கலைஞர்கள் எட்டு அடிக் கயிற்றால் இடுப்போடு இடுப்பு பிணைத்துக்கொண்டார்கள். ஓராண்டுக்கு அவிழ்க்கக் கூடாது. அறைக்குள் இருந்தால் இருவரும் ஒரே அறையில்தான் இருக்க வேண்டும். ஒருவரை ஒருவர் தொடக் கூடாது. காதலர்கள் இல்லை, நண்பர்கள்கூட இல்லை, இந்த வேலைக்காகத்தான் சேர்ந்தார்கள். ஒருவர் வேலைக்குப் போனால் மற்றவரும் போக வேண்டும், ஒருவருக்குக் கழிப்பறை போக வேண்டுமென்றாலும் அப்படித்தான்.

நெருக்கம் வளர்ந்ததா? மொன்டானோ பிறகு சொன்னதைப் பார்த்தால் மொழிதான் தேய்ந்தது. முதலில் நிறையப் பேசினார்கள். பிறகு கோபம் வந்து கயிற்றை இழுத்தார்கள். பிறகு சைகை. கடைசியில் உறுமல். பேசியதையெல்லாம் நாடாவில் பதிந்து முத்திரையிட்டுவிட்டார்கள், யாரும் கேட்பதற்காக இல்லை. நாளுக்கொரு புகைப்படம் இருக்கிறது. அதில் இரண்டு பேர் கயிற்றின் இரு முனையில் ஏதாவது செய்துகொண்டிருப்பார்கள்.

எனக்கு அந்த நாடாக்கள்தான் முக்கியம். பதிவு இருக்கிறது, ஆனால் நமக்குக் கிடையாது. உறவு அவர்கள் இருவருடையது, நம் பங்கு அந்தக் கயிற்றின் நீளத்தைத் தெரிந்துகொள்வது மட்டும்.

ஓரத்தில் ஒருவன்

இது எனக்குப் புரிகிறது. கூட்டுக் குடித்தனம் நடத்திய எவருக்கும் புரியும். முறைத்துப் பார்ப்பது இன்னும் புரியவில்லை.

பழைய நாடா

கயிற்றுக்கு நேர் எதிராக ஒன்றைச் சொல்கிறேன். கலைஞரின் உடலே காணாமல் போய், உறவு மட்டும் நின்ற படைப்பு.

1980 நவம்பரில் கிட் கேலவே, ஷெரி ராபினோவிட்ஸ் இருவரும் நியூயார்க்கில் லிங்கன் சென்டரின் ஒரு சன்னலிலும் லாஸ் ஏஞ்சலிஸில் ஒரு பல்பொருள் அங்காடியின் சன்னலிலும் திரை வைத்து, செயற்கைக்கோள் வழியாக இரண்டையும் இணைத்தார்கள். பெயர் 'ஹோல் இன் ஸ்பேஸ்'. ஆளுயர உருவம், குரலும் உண்டு. முன்னறிவிப்பு கிடையாது, விளக்கப் பலகை கிடையாது. தெருவில் போகிறவர் திரும்பிப் பார்த்தால், கண்டத்தின் மறுகரையில் ஒரு கூட்டம் நின்று கையசைத்தது. தங்கள் முகம் அங்கே எப்படித் தெரிகிறது என்று பார்க்க ஒரு திரையும் வைக்கவில்லை. நீலவிளக்கு சொன்னது இங்கே எவ்வளவு பொருந்துகிறது பாருங்கள்.

மூன்றே மாலைகள்தான் நடந்தது. முதல் நாள் ஜனங்கள் தடுக்கி விழுந்தது போல வந்து மாட்டினார்கள். இரண்டாம் நாள் வாய்வழியாகச் செய்தி பரவியது. மூன்றாம் நாள் பல ஆண்டுகள் பார்க்காத உறவினர்கள் இரு கரையிலும் வந்து நின்றார்கள். இன்றைக்கு நம் எல்லோர் கையிலும் அந்தத் துளை இருக்கிறது, யாரும் திரும்பிப் பார்ப்பதில்லை என்று புலம்பத் தோன்றுகிறது. புலம்பல் வேண்டாம். அந்தக் கலைஞர்கள் சன்னலை வைத்துவிட்டு விலகிக்கொண்டார்கள் என்பதைத்தான் சொல்ல வந்தேன்.

தறி

இதுவரை பேசாமல் படித்துக்கொண்டிருந்தேன். எல்லோரும் கலைஞர் எங்கே நிற்கிறார் என்றே பேசுகிறீர்கள். எதிரில் இருப்பவரிடம் கேட்டீர்களா என்பதை மூன்றாம்மணி ஒருவர்தான் தொட்டார்.

ஜப்பானியக் கலைஞர் யோகோ ஓனோ 1964இல் கியோட்டோவில் மேடையில் மண்டியிட்டு அமர்ந்தார். பக்கத்தில் கத்தரிக்கோல். பார்வையாளர் வந்து அவர் உடையில் ஒரு துண்டை வெட்டிக்கொண்டு போகலாம். அப்ரமோவிச் 1974இல் நேப்பிள்ஸில் 72 பொருள்களை மேசையில் பரப்பி, ஆறு மணி நேரம் தன்னை என்ன வேண்டுமானாலும் செய்யலாம் என்றார். ரோஜாவும் இருந்தது, துப்பாக்கியும் தோட்டாவும் இருந்தன. ஒருவர் தோட்டாவை நிரப்பித் துப்பாக்கியை அவர்மீதே குறிவைக்கும் அளவுக்கு அது போனது. இந்த இரண்டிலும் ஆபத்து கலைஞரின் உடலுக்கு. சம்மதமும் அவருடையதே.

அடுத்தவருடைய வாழ்க்கையை எடுத்தால்? பிரெஞ்சுக் கலைஞர் சோஃபி கால் 1983இல் தெருவில் கிடந்த ஒரு முகவரிப் புத்தகத்தை வைத்து, அதிலிருந்தவர்களையெல்லாம் அழைத்துப் பேசி, அதன் சொந்தக்காரரைப் பற்றிப் பிரெஞ்சு நாளிதழ் ஒன்றில் தொடர் எழுதினார். சொந்தக்காரர் அப்போது ஊரில் இல்லை. திரும்பி வந்து பார்த்துக் கொதித்துப் போனார், வழக்குப் போடுவேன் என்றார். எனக்கு அந்தத் தொடர் பிடிக்கும். பிடிக்கிறது என்பதே கொஞ்சம் உறுத்தும்.

இதற்கு மாறாகக் கலைஞர் மோனா ஹட்டூமின் 1988ஆம் ஆண்டுப் படம், 'மெஷர்ஸ் ஆஃப் டிஸ்டன்ஸ்'. 15 நிமிடம்தான். பெய்ரூட்டிலிருந்து அம்மா எழுதிய கடிதங்கள் அரபு எழுத்தாகத் திரை முழுவதும் வேலி போல நிற்கின்றன. அதன் பின்னால் அம்மா குளிக்கும் படங்கள். ஒலியில் தாயும் மகளும் அரபியில் சிரித்துப் பேசுவது ஒருபுறம், மகள் அதே கடிதங்களை ஆங்கிலத்தில் மொழிபெயர்த்துப் படிப்பது மறுபுறம். 1975இல் லண்டனுக்குப் போன மகள் லெபனானில் போர் மூண்டதால் ஊர் திரும்ப முடியாமல் போனவர். அந்தப் படங்கள் எடுத்ததில் அப்பாவுக்கு வருத்தம் என்ற செய்தியும் கடிதத்துக்குள்ளேயே வருகிறது. அதை அவர் வெட்டவில்லை. சம்மதமும் அதன் தகராறும் படைப்பின் உள்ளே இருக்கின்றன.

கண்ணாடிக்காரி, ஒரே ஒரு கேள்வி. அந்த 14 பேரும் தங்கள் படத்தைப் பார்த்துவிட்டார்களா?

கண்ணாடிக்காரி

இதற்குப் பதில் எழுத நான்கு நாள் ஆகிவிட்டது. மூன்று பேர் பார்த்தார்கள். மற்ற 11 பேரிடம் கையெழுத்து வாங்கியிருக்கிறேன். முடிந்ததும் காட்டுகிறேன் என்று சொல்லியிருக்கிறேன். "முடிந்ததும்" என்ற சொல்லுக்குப் பின்னால் இரண்டு ஆண்டு ஒளிந்திருந்திருக்கிறேன்.

தறி

கையெழுத்து உங்களைக் காப்பதற்கு. எந்தத் திரையில் ஓடும், எவ்வளவு நாள் ஓடும், விற்றால் யாருக்கு என்ன, வேண்டாம் என்றால் எதுவரை திரும்பப் பெறலாம், இதெல்லாம் அவருக்குப் புரியும் மொழியில் சொல்லியிருந்தால் மட்டுமே அது அவரையும் காக்கும். திட்டுவதற்காகச் சொல்லவில்லை. நானும் இதில் ஒருமுறை சறுக்கியவள்.

மூன்றாம்மணி

உங்கள் உத்தியையே எடுத்துக்கொண்ட ஒரு படம் உண்டு, நீங்கள் நிச்சயம் அறிந்திருப்பீர்கள். பிரிட்டிஷ் கலைஞர் ஜில்லியன் வேரிங் 1997இல் செய்த '2 இன்டு 1'. அம்மா தன் இரட்டை மகன்களைப் பற்றிப் பேசுகிறார், அதற்கு மகன்கள் வாயசைக்கிறார்கள். மகன்கள் அம்மாவைப் பற்றிப் பேசுகிறார்கள், அதற்கு அம்மா வாயசைக்கிறார். தன்னைப் பற்றி மகன் சொன்ன கடுமையான சொல்லைத் தாய் தன் வாயாலேயே சொல்ல வேண்டியிருக்கிறது. பார்க்கிற நமக்கு வயிறு பிசைகிறது. அங்கே குரல் இரண்டு பக்கமும் போகிறது. உங்களுடையதில் ஒரு பக்கம் மட்டும்தான். 14 பேரின் குரலை நீங்கள் அணிந்தீர்கள். உங்கள் குரலை யார் அணிந்தார்கள்?

பழைய நாடா

சரியான இடத்தில் கை வைத்தீர்கள். பெங்களூர்க் கலைஞர் புஷ்பமாலா மற்றவர் வேடங்களில் தன்னையே நிறுத்திப் புகைப்படம் எடுக்கும்போது அது புஷ்பமாலாதான் என்று நமக்குத் தெரிய வேண்டும், நகைச்சுவையும் விமர்சனமும் அந்த இடைவெளியில்தான் பிறக்கின்றன. அமெரிக்கப் பெண் கலைஞர் ஏட்ரியன் பைப்பர் 1970களில் மீசையும் கறுப்புக் கண்ணாடியும் வைத்த ஓர் ஆணாகத் தெருவில் நடந்தபோதும் அப்படித்தான். "பதினான்கும் நீதான்" என்பது அவர்களுக்குப் பாராட்டு. இந்தப் படைப்பில் அது குறையாகப் படுவதற்குக் காரணம், நீங்கள் விமர்சனம் செய்வதாகச் சொல்லவில்லை, சந்திப்பதாகச் சொன்னீர்கள்.

ஓரத்தில் ஒருவன்

அப்படியானால் கொடுத்துப் பாருங்களேன், உங்கள் குரலை.

கண்ணாடிக்காரி

ஒரு மாதம் கழித்து வருகிறேன். செய்தி இருக்கிறது.

11 பேரையும் கூப்பிட்டு அவரவர் படத்தைக் காட்டினேன். இரண்டு பேர் வேண்டாம் என்றார்கள், அழித்துவிட்டேன். ஒருவர் சிரித்தார், தன் இருமலுக்கு நான் இருமியதைப் பார்த்து. கண்ணாடி ஏற்பாட்டையும் செய்துவிட்டேன். படத்தைப் புரட்ட நானும் மறந்தேன், நீலவிளக்கு மகிழலாம்.

பிறகு, முதல் பதிவைத் தந்தவரிடம் என் குரலைக் கொடுத்தேன். மூன்று நிமிடம். யாரிடமும் சொல்லாத பேச்சு என்ற அதே நிபந்தனை. வயதானவர், நடிப்பென்றால் என்னவென்று தெரியாதவர். ஒரு வாரம் வைத்துக் கேட்டார். உட்கார்ந்ததும் நான் அசந்துவிட்டேன், அவ்வளவு துல்லியம். இரண்டாம் நிமிடத்தில் "அதையெல்லாம் எப்போதோ மன்னித்துவிட்டேன்" என்று என் குரல் சொல்கிற இடம் வந்தது. அவர் வாயை மூடிக்கொண்டார். குரல் ஓடிக்கொண்டிருக்கிறது, அவர் என்னையே பார்த்துக்கொண்டிருக்கிறார். அந்தப் பகுதி கடந்ததும் மீண்டும் அசைத்தார்.

மறந்துவிட்டதா என்று கேட்டேன். "மறக்கவில்லையம்மா. மற்ற எல்லா வரிக்கும் முன்னால் மூச்சு எடுக்கிறீர்கள். அந்த வரிக்கு மட்டும் எடுக்கவே இல்லை. எழுதி வைத்துப் படித்திருக்கிறீர்கள், அதை நான் எப்படிச் சொல்வது?" என்றார்.

நீலவிளக்கு

அந்த இடத்தை வெட்டிவிடவில்லையே?

கண்ணாடிக்காரி

இல்லை. வாய் மூடியிருப்பது 11 வினாடி. அப்படியே இருக்கிறது.

தறி

அவரிடம் கேட்டீர்களா?

கண்ணாடிக்காரி

கேட்டேன். இன்னொரு முறை பார்த்துவிட்டுச் சொல்கிறேன் என்றிருக்கிறார்.